வடசென்னை ஓட்டல்களின் கணக்கு வழக்கு: அடிக்கடி கேட்கப்படும் கேள்விகள்

ராயபுரம், தண்டையார்பேட்டை, வியாசர்பாடி, திருவொற்றியூர் பக்கம் டிபன் கடை, மெஸ், பிரியாணிக் கடை நடத்துகிறவர்களும் அங்கே சாப்பிடுகிறவர்களும் திரும்பத் திரும்பக் கேட்பவை இவை. வரியும் விதிகளும் சொன்னபடியே. சரக்கு விலை, வாடகை, சம்பளம், ஆப் கமிஷன் போன்றவை மட்டும் கணக்குக்காக எடுத்துக்கொண்டவை. உங்கள் கடையின் தொகையை அந்த இடத்தில் போட்டுப் பாருங்கள்.

ஓட்டல் தொழில் வளர்கிறது என்கிறார்கள். எங்கள் தெருவில் மட்டும் கடைகள் ஏன் கை மாறிக்கொண்டே இருக்கின்றன?

இரண்டும் ஒரே நேரத்தில் நடக்கின்றன. இந்திய தேசிய உணவக சங்கத்தின் 2024 அறிக்கை, நாட்டின் உணவகத் தொழிலை 2023-24இல் சுமார் 5.69 லட்சம் கோடி ரூபாய் என்று கணக்கிட்டது. 2027-28இல் அது 7.76 லட்சம் கோடியாகும் என்றும் சொன்னது. அதே அறிக்கைப்படி, வேகமாக வளரும் பகுதி அமைப்புசார்ந்த கடைகள்: சங்கிலி உணவகங்கள், டெலிவரிக்கென்றே இயங்கும் சமையற்கூடங்கள் போன்றவை. தெருமுனைக் கடைக்கு அந்த வளர்ச்சி அதே அளவில் வந்து சேர்வதில்லை.

சாப்பிடும் ஆள் குறையவில்லை. 2023-24 குடும்பச் செலவுக் கணக்கெடுப்பில், நகர்ப்புறக் குடும்பத்தின் மொத்தச் செலவில் சுமார் 11 சதவீதம் பானங்கள், பதப்படுத்திய உணவு, வெளியில் வாங்கும் சமைத்த உணவு ஆகியவற்றுக்குப் போனது. உணவுச் செலவிலேயே பெரிய பங்கு இதுதான். பாலும் காய்கறியும் இதற்குப் பின்னால்தான். ஆனால் இந்தப் பணத்துக்குப் போட்டி அதிகம். பாக்கெட் இட்லி மாவு, உறைந்த பரோட்டா, மாலை நேர ஷவர்மா வண்டி எல்லாமே அந்தப் பதினொன்றிலிருந்துதான் எடுக்கின்றன.

சங்கிலிக் கடைகளுக்கும் எல்லாம் இனிப்பாக இல்லை. பர்கர், வறுத்த கோழி, பீட்சா விற்கும், பங்குச்சந்தையில் பட்டியலிட்ட சில நிறுவனங்களில், 2023-24இல் பல காலாண்டுகளுக்கு ஏற்கெனவே இருக்கும் கடைகளின் விற்பனை முந்தைய ஆண்டைவிடக் குறைந்தது. குறைந்த விலை காம்போக்கள் அதன் பிறகு எங்கு பார்த்தாலும் தென்படுவதற்குக் காரணம் அதுதான்.

விலை ஏறினால் இறங்குவதே இல்லையே, ஏன்?

தக்காளி விலை வாரத்துக்கு வாரம் மாறும், விலைப்பலகை மாறாது. 2023 ஜூலையில் தக்காளி எகிறியபோது பல கடைகள் தோசை விலையை ஏற்றவில்லை, தக்காளிச் சட்னியை நிறுத்தின. கடைக்காரர் ஏற்றத்தைத் தள்ளிப்போட்டுக்கொண்டே போய், தாங்க முடியாத கட்டத்தில் ஒரே அடியாக 5 அல்லது 10 ரூபாய் ஏற்றுகிறார். இறங்காததற்குக் காரணம், ஏற்ற வேண்டிய நேரத்தில் ஏற்றாமல் விட்ட பாக்கி அதில் இருக்கிறது.

இறங்கவே இறங்காத செலவுகளும் உண்டு: சம்பளம், வாடகை, கரண்ட். எண்ணெய் பாதி நம் கையில் இல்லை. நாட்டின் சமையல் எண்ணெயில் பாதிக்கு மேல் இறக்குமதி. 2024 செப்டம்பர் 14 முதல் கச்சா பாமாயில், சோயா, சூரியகாந்தி எண்ணெய்க்கு 20 சதவீத அடிப்படைச் சுங்க வரி வந்தது. 2025 மே கடைசியில் அது 10 ஆகக் குறைந்தது. வரி ஏறிய வாரமே டின் விலை ஏறியது.

அரிசியில் ஒரு வேடிக்கை உண்டு. 2022 ஜூலை 18 முதல், லேபிள் ஒட்டிய 25 கிலோ வரையிலான அரிசி மூட்டைக்கு 5 சதவீத ஜிஎஸ்டி. உடனே 26 கிலோ சிப்பம் கடைகளுக்கு வந்துவிட்டது. விலை ஒப்பிடும்போது மூட்டை விலையைப் பார்க்காமல் கிலோவுக்கு என்ன என்று வகுத்துப் பாருங்கள். இந்த ஒரு கிலோ வித்தியாசத்தில் ஏமாறுகிறவர்கள் இன்னும் இருக்கிறார்கள்.

விலையை ஏற்றுவதா, அளவைக் குறைப்பதா?

விலையை ஏற்றுங்கள். இட்லி சிறுத்தால் வாடிக்கையாளர் வாயைத் திறந்து சொல்ல மாட்டார், வராமல் போய்விடுவார். 5 ரூபாய் ஏற்றினால் இரண்டு நாள் முணுமுணுப்பு இருக்கும், அவ்வளவுதான்.

டிபன் கடையில் குறைக்க வேண்டியது வேறு இடத்தில் இருக்கிறது. இரண்டு இட்லிக்கு ஊற்றும் சாம்பாரும் மூன்று வகைச் சட்னியும் பல கடைகளில் இட்லியைவிட அதிகம் செலவு வைக்கின்றன. எச்சில் இலையில் மிச்சமாகும் சட்னியை ஒரு வாரம் கவனியுங்கள். எது அதிகம் மிச்சமாகிறதோ அதைக் கேட்டால் மட்டும் வையுங்கள்.

ஒரு பிளேட் சிக்கன் பிரியாணிக்கு உண்மையில் என்ன செலவு?

ஒரு கிலோ பாஸ்மதி அரிசிக்கு ஒன்றேகால் கிலோ கறி என்று வைத்துக்கொள்வோம். அரிசி 110, கறி கிலோ 240 வீதம் 300, எண்ணெய் 22, வெங்காயம் தக்காளி 30, இஞ்சி பூண்டு தயிர் மசாலா 50, கத்திரிக்காயும் தயிர் வெங்காயமும் 40. மொத்தம் 552 ரூபாய். தம் இறக்கியபின் சுமார் 4 கிலோ தேறும். பிளேட்டுக்கு 500 கிராம் என்றால் 8 பிளேட்; ஒன்றுக்கு 69 ரூபாய். வரி தனியாக 180க்கு விற்றால் கையில் நிற்பது 111.

இந்த 111 லாபமில்லை. வாடகை 25,000, நான்கு பேர் சம்பளம் 75,000, கேஸும் விறகும் 22,000, கரண்ட் 8,000, சில்லறைச் செலவு 10,000 என்றால் மாதம் 1,40,000. நாளுக்கு 4,667. அதை 111ஆல் வகுத்தால் தினம் 43 பிளேட் விற்றபிறகுதான் முதலாளியின் முதல் ரூபாய்.

பணம் ஒழுகுவது பெரும்பாலும் கரண்டியில்தான். பத்து கிலோ அண்டாவில் 80 பிளேட் வர வேண்டும். பரிமாறுபவர் ஒவ்வொன்றுக்கும் 50 கிராம் கூடுதலாகப் போட்டால் 4 கிலோ போய்விடும். அது 8 பிளேட், 1,440 ரூபாய் விற்பனை. தராசு வைத்து ஒவ்வொன்றையும் நிறுக்க முடியாது. 500 கிராம் சரியாகக் கொள்ளும் ஒரே கிண்ணத்தை அண்டா பக்கத்தில் கட்டிவைத்து, அதால் மட்டும் எடுக்கச் சொல்லுங்கள். காலையில் அண்டா திறந்ததும் முதல் மூன்று பிளேட்டை மட்டும் நிறுத்துப் பார்த்தால் போதும். கறித்துண்டு எண்ணிக்கையைக் கறிக்கடையிலேயே முடிவு செய்யுங்கள்: கிலோவுக்கு இத்தனை துண்டு என்று சொல்லி வெட்டி வாங்கினால் பிளேட்டுக்குப் பிளேட் சண்டை வராது.

அடிப்பிடித்த பகுதியை யாரும் கணக்கில் சேர்ப்பதில்லை. தம் போடும்போது அடியில் கங்கு அதிகமாகவும் மூடிமேல் குறைவாகவும் இருந்தால், அடி கருகி மேலே அரிசி வேகாமல் நிற்கும். ஒரு கிலோவுக்கு ஒரு பிளேட் அதில் போனால் 8 என்பது 7 ஆகும். பிளேட் செலவு 69இலிருந்து 79.

கடையில் 180, டெலிவரி ஆப்பில் 230. கொள்ளையா?

மேலே சொன்ன அதே பிளேட்டை 180க்கே ஆப்பில் போட்டுப் பாருங்கள். கடை தரப்பில் 30 ரூபாய் தள்ளுபடி என்றால் மிச்சம் 150. கமிஷன் 25 சதவீதம், 37.50. கமிஷன்மேல் 18 சதவீத ஜிஎஸ்டி, 6.75. பணப் பரிமாற்றக் கட்டணம் 2 சதவீதம், 3 ரூபாய். கைக்கு வருவது 102.75. அதில் சரக்கு 69, டப்பாவும் பையும் 8 போக 25.75 நிற்கும். இந்த வகையில் மட்டும் விற்றால், தினம் 43க்குப் பதில் 182 பிளேட் விற்றால்தான் மாதச் செலவு தேறும்.

தள்ளுபடியே தராமல் கடை விலைக்குச் சமமாக, டப்பா செலவும் சேர்த்து எடுக்க வேண்டுமென்றால் 274 ரூபாய் போட வேண்டும். பார்சலுக்கு மேசையும் பரிமாற ஆளும் தேவையில்லை என்பதால் கொஞ்சம் விட்டுக்கொடுத்து 230 என்று வைக்கிறார்கள். நியாயமான விலை அதுதான்.

வாடிக்கையாளர் கட்டுவது அதற்கும் மேல்: 5 சதவீத ஜிஎஸ்டி, டெலிவரிக் கட்டணம், பிளாட்ஃபார்ம் கட்டணம். கடைசியாகச் சொன்னது 2023இல் 2 ரூபாயில் தொடங்கி 2025இல் பத்தைத் தாண்டியது. டெலிவரிக் கட்டணத்துக்கு 2025 செப்டம்பர் 22 முதல் 18 சதவீத ஜிஎஸ்டியும் உண்டு. கடை நடந்துபோகும் தூரத்தில் இருந்தால் நேரில் போய் வாங்குங்கள், இருவருக்கும் லாபம்.

அப்படியானால் ஆப்பில் சேரவே வேண்டாமா?

சேரலாம், முழு மெனுவோடு வேண்டாம். ஸ்விக்கியின் 2024 ஆண்டுக் கணக்கில் மட்டும் 8.3 கோடி பிரியாணி ஆர்டர். அந்தக் கூட்டத்தை ஒதுக்கிவிட முடியாது. பிரியாணி, ஃபிரைட் ரைஸ், பரோட்டா சால்னா அரை மணி நேரப் பயணம் தாங்கும். நெய் ரோஸ்ட் தாங்காது. டப்பாவுக்குள் ஆவி கட்டிப் பத்து நிமிடத்தில் துவண்டுவிடும். பூரியும் அப்படியே. பர்மிய நூடுல்ஸ் உணவான அத்தோவை நூடுல்ஸ், கோஸ், பேஜோ எனும் மொறுமொறு தட்டை, புளித்தண்ணீர், சூப் என்று தனித்தனியாகக் கட்டினால் போகும். கலந்து அனுப்பினால் சொதசொதவென்று போய்ச் சேரும், ஒற்றை நட்சத்திரம் வரும்.

வழக்கமாகக் கெடுவது மூன்று இடத்தில். தீர்ந்த ஐட்டத்தை ஆப்பில் அணைக்க மறப்பது: ஞாயிறு மதியம் 2 மணிக்கு அண்டா காலி, ஆர்டர் வந்துகொண்டே இருக்கும், ரத்து செய்யச் செய்ய உங்கள் கடை பட்டியலில் கீழே போகும். அடுத்தது விளம்பரம்: தினப்படி வரம்பு வைக்காமல் ஒப்புக்கொண்டால் வாரப் பணத்திலிருந்து அவர்களாகவே கழித்துக்கொள்வார்கள். மூன்றாவது, வாராந்தரக் கணக்குத் தாளைப் படிக்காமல் விடுவது. அதில் தள்ளுபடியில் உங்கள் பங்கு எவ்வளவு, ரத்தான ஆர்டருக்கு ஈடு வந்ததா, 0.1 சதவீத வருமான வரிப் பிடித்தம் எவ்வளவு என்ற மூன்றையும் பாருங்கள். பிடித்தத்தை வருமான வரிக் கணக்கில் கழித்துக்கொள்ளலாம்.

கமிஷன் பேசிக் குறைக்கக்கூடியது. தனியாள் கேட்பதைவிட ஊரே சேர்ந்து கேட்டால் எடுபடும். 2025 ஜூலையில் நாமக்கல் ஓட்டல்காரர்கள் ஒன்றாகச் சேர்ந்து பெரிய ஆப்களுக்குச் சப்ளையை நிறுத்தியது இதற்காகத்தான்.

ஜிஎஸ்டி பதிவு எப்போது கட்டாயம்?

ஆண்டு விற்பனை 20 லட்சம் ரூபாயைத் தாண்டினால். நாளுக்கு 5,480 ரூபாய்தான் அது. காலை, மாலை இரு வேளை நடக்கும் சுமாரான டிபன் கடை இதைத் தெரியாமலே தாண்டிவிடும். யூபிஐயில் வரும் பணம் எல்லாம் பதிவாகிறது. 2025 ஜூலையில் கர்நாடகத்தில் சிறு வியாபாரிகளுக்கு யூபிஐ வரவை வைத்தே வணிகவரித் துறை நோட்டீஸ் அனுப்பியது. ஆப் மூலம் விற்றதும் இந்த 20 லட்சக் கணக்கில் சேரும். அதற்கான வரியை மட்டும் 2022 ஜனவரி 1 முதல் ஆப் நிறுவனமே கட்டுகிறது.

பதிவு செய்தபின் இரண்டு வழி. சாதாரண முறையில் 5 சதவீதத்தை பில்லில் தனியாக வாங்கிக் கட்டலாம். ஆண்டு விற்பனை 1.5 கோடிக்குள் இருந்து, மது பரிமாறாத கடையாக இருந்தால், சிறு வியாபாரிகளுக்கான எளிய முறையான காம்போசிஷன் எடுக்கலாம். அதிலும் 5 சதவீதம்தான், ஆனால் உங்கள் கையிலிருந்து கட்ட வேண்டும், வாடிக்கையாளரிடம் வாங்கக் கூடாது. கணக்குத் தாக்கல் மூன்று மாதத்துக்கு ஒரு முறை எளிய படிவம், ஆண்டுக்கு ஒரு ரிட்டர்ன். “சாப்பாடு 100 ரூபாய், அவ்வளவுதான்” என்று முழு விலை சொல்லி விற்கும் மெஸ்ஸுக்கு இது ஒத்துவரும். பில்லில் வரி சேர்த்தாலும் முகம் சுளிக்காத வாடிக்கையாளர் இருந்தால் சாதாரண முறை மேல்.

சிலிண்டருக்கு 18 சதவீதம் ஜிஎஸ்டி கட்டுகிறோம். அதைக் கழித்துக்கொள்ள முடியாதா?

முடியாது. 2017 நவம்பர் 15 முதல் ஓட்டலுக்கு 5 சதவீதம் வந்தபோதே உள்ளீட்டு வரி வரவு, அதாவது வாங்கும்போது கட்டிய வரியைக் கழித்துக்கொள்ளும் வசதி, போய்விட்டது. 19 கிலோ வணிக சிலிண்டர், ஆப் கமிஷன், கடை வாடகை ஆகியவற்றின்மேல் கட்டும் 18 சதவீதம் எல்லாம் செலவோடு செலவு.

வாடகையில் ஒரு கண்ணி இருக்கிறது. கட்டட உரிமையாளர் ஜிஎஸ்டி பதிவு இல்லாதவர், நீங்கள் சாதாரண முறையில் பதிவு செய்தவர் என்றால், 2024 அக்டோபர் 10 முதல் அந்த வாடகைக்கான 18 சதவீதத்தை நீங்களே கட்ட வேண்டும். 25,000 வாடகைக்கு மாதம் 4,500. காம்போசிஷன் கடைகளுக்கு 2025 ஜனவரியில் இதிலிருந்து விலக்கு கிடைத்தது. இடம் பிடித்து அட்வான்ஸ் கொடுப்பதற்குமுன் கேட்க வேண்டிய கேள்வி இது.

சிலிண்டர் விலை பொதுவாக மாதம் முதல் தேதி மாறும். விலை குறையும் என்று தோன்றினால் 28ஆம் தேதிக்குமேல் கூடுதல் சிலிண்டர் எடுக்காதீர்கள். 14.2 கிலோ வீட்டு சிலிண்டரைக் கடையில் வைப்பது சட்டப்படி குற்றம். விபத்து நடந்தால் காப்பீடும் கைவிடும்.

பில்லில் சர்வீஸ் சார்ஜ் போட்டால் கட்ட வேண்டுமா?

வேண்டாம். தானாகச் சேர்க்கக் கூடாது என்று மத்திய நுகர்வோர் பாதுகாப்பு ஆணையம் 2022 ஜூலை 4 அன்று வழிகாட்டுதல் வெளியிட்டது. டெல்லி உயர் நீதிமன்றம் 2025 மார்ச் 28 அன்று அதை உறுதி செய்தது. எடுக்கச் சொல்லுங்கள். மறுத்தால் 1915 என்ற நுகர்வோர் உதவி எண்ணில் புகார் செய்யலாம். ஜிஎஸ்டி வாங்கிய பில்லில் 15 இலக்க ஜிஎஸ்டி எண் இருக்கிறதா என்றும் பாருங்கள். எண் இல்லாமலோ, காம்போசிஷன் கடை என்று அச்சிட்டுவிட்டோ வரி வாங்கியிருந்தால் அது தவறு. 14 இலக்க உணவுப் பாதுகாப்பு உரிம எண்ணும் பில்லில் இருக்க வேண்டும். 2022 ஜனவரி 1 முதல் இது கட்டாயம்.

தடைக்காலத்தில் மீன் சாப்பாட்டு விலையை எப்படி வைப்பது?

ஏப்ரல் 15 முதல் ஜூன் 14 வரை 61 நாள், காசிமேட்டு விசைப்படகுகள் கடலுக்குப் போகாது. நாட்டுப்படகும் ஃபைபர் படகும் போகும். ஆகவே மீனே இல்லாமல் போகாது, பெரிய மீன்தான் அருகிவிடும். ஏப்ரல், மே மாதங்களில் மேற்குக் கரையில் தடை இல்லை, அங்கிருந்து ஐஸ் மீன் வரும்.

வஞ்சிரத்தில் தலை, வால், குடல் போக கிலோவுக்கு 700 கிராம் துண்டு தேறும் என்று வையுங்கள். கிலோ 800க்கு வாங்கினால் 100 கிராம் துண்டுக்கு 114 ரூபாய், மசாலாவும் எண்ணெயும் 15. தடைக்காலத்தில் 1,100க்கு வாங்கினால் துண்டு மட்டும் 157. பலகையில் அச்சடித்த விலைக்கு விற்று நஷ்டப்படுவதைவிட, வறுவல் மீனுக்கு மட்டும் சாக்பீஸில் “இன்றைய விலை” எழுதுங்கள். குழம்புக்கு நெத்திலி, சங்கரா போன்றவற்றுக்கு மாறுங்கள். குழம்பு ருசியில் வஞ்சிரம் இல்லாத குறை தெரியாது. பழைய ஐஸ் மீனை “காசிமேடு ஃப்ரெஷ்” என்று சொல்லி இந்த வட்டாரத்தில் விற்க முடியாது. சாப்பிடுகிறவருக்கு உங்களைவிட மீன் தெரியும்.

எந்த நாளில் எவ்வளவு சமைப்பது?

போன வாரம் அதே கிழமை விற்றதை வைத்துச் சமையுங்கள். நேற்று விற்றதை வைத்து வேண்டாம். அசைவத்துக்கு ஞாயிறு உச்சம். செவ்வாய், வெள்ளி, சனி தணியும். புரட்டாசி முழுக்கவும், கார்த்திகையில் மாலை போடும் காலத்திலும் அண்டாவைச் சிறிதாக்கி, சைவச் சாப்பாடு, வெரைட்டி ரைஸ் பக்கம் ஆளைத் திருப்ப வேண்டும். ராயபுரத்தில் தவக்காலம் தெரியும். மண்ணடிப் பக்கம் ரம்ஜானில் பகல் விற்பனை படுத்து மாலை எழும். மணலி, எண்ணூர் தொழிற்சாலைகளை நம்பிய கடைகளுக்குச் சம்பளத்துக்கு அடுத்த வாரமும் மாதக் கடைசியும் இரண்டு வேறு தொழில் மாதிரி இருக்கும்.

பஜ்ஜி, வடை எண்ணெயை எத்தனை முறை பயன்படுத்தலாம்?

எண்ணிக்கை விதி கிடையாது. எண்ணெய் திரும்பத் திரும்பக் காயும்போது சேரும் கெட்ட பொருள்களான மொத்த போலார் சேர்மங்கள் 25 சதவீதத்தைத் தாண்டிய எண்ணெயைப் பயன்படுத்தக் கூடாது என்பது 2018 ஜூலை 1 முதல் விதி. சோதிக்கப் பட்டை கிடைக்கிறது, கருவியும் கிடைக்கிறது. நுரை அடங்காமல் பொங்கினால், இறக்கிய எண்ணெய் பிசுபிசுத்தால், சாதாரணச் சூட்டிலேயே புகைந்தால் முடிந்தது என்று அர்த்தம். எண்ணெயைச் சீக்கிரம் கெடுப்பது அடியில் கருகும் மாவுத் துணுக்குகளும், வியாபாரம் இல்லாத நேரத்திலும் எரியும் அடுப்பும்தான். மணிக்கு ஒரு முறை சல்லடையால் அள்ளி, இரவில் துணியில் வடிகட்டுங்கள். பழையதின்மேல் புதியதை ஊற்றுவதில் மிச்சம் ஒன்றுமில்லை, புதியதும் சேர்ந்து கெடும். தினம் 50 லிட்டருக்குமேல் பயன்படுத்தும் கடை பதிவேடு வைக்க வேண்டும். கழித்த எண்ணெயை பயோடீசலுக்கு எடுக்கும் அங்கீகாரம் பெற்றவர்களிடம் விற்றால் கொஞ்சம் காசும் திரும்பும்.

பார்சலுக்கு எதைப் பயன்படுத்துவது?

2019 ஜனவரி 1 முதல் தமிழ்நாட்டில் உணவு கட்டும் பிளாஸ்டிக் தாள், பிளாஸ்டிக் பூசிய கப், தட்டு, கைப்பை எல்லாம் தடை. சுடச்சுடச் சாம்பாரை மெல்லிய கவரில் கட்டுவது இன்னும் நடக்கிறது. அபராதம் ஒரு நாள் லாபத்தைவிட அதிகம். டிபனுக்கு வாழை இலையும் மேலே தாளும் போதும். குழம்புக்குப் பாத்திரம் கொண்டுவருகிறவர்களுக்கு ஒரு கரண்டி கூடுதலாக ஊற்றுங்கள். டப்பாவைவிட அது மலிவு.

அம்மா உணவகம் பக்கத்தில் இருந்தால் வியாபாரம் படுத்துவிடுமா?

2013இல் தொடங்கியபோது இட்லி 1 ரூபாய், சாம்பார் சாதம் 5 ரூபாய், தயிர் சாதம் 3 ரூபாய். அந்த விலையோடு போட்டி போட முடியாது, போடவும் வேண்டாம். அங்கே கிடைக்காதது தோசை, வடை, அசைவம், உட்கார்ந்து பேசும் மேசை.

இரவு முழுக்கக் கடை திறக்கலாமா?

10 பேரோ அதற்கு மேலோ வேலை செய்யும் கடைகள் 24 மணி நேரமும் திறந்திருக்க 2019இல் அரசாணை வந்து, பின்னர் நீட்டிக்கப்பட்டது. எண்ணூர் விரைவுச் சாலையில் கன்டெய்னர் லாரிகள் வரிசையில் நிற்பதால் நள்ளிரவிலும் ஆள் இருக்கும். மற்ற இடங்களில் 11 மணிக்குமேல் திறக்கும் ஒவ்வொரு மணி நேரத்துக்கும் இரண்டு ஆள் சம்பளம், விளக்கு, அடுப்பு எவ்வளவு என்று எழுதுங்கள். அது 400 ரூபாய் என்றால், மணிக்கு நாலு பிளேட் பிரியாணி போகிறதா என்று இரண்டு வாரம் எண்ணிப் பார்த்தபின் முடிவெடுங்கள்.